தூசியை மட்டும் எண்ணும் கணக்கு

டீசல் என்ஜினுக்குள் எரிவது டீசல் மட்டுமல்ல. அதனுடன் உள்ளே போகும் காற்றும் வேறொன்றாக மாறிவிடுகிறது. சாதாரண வெப்பத்தில் ஒன்றையொன்று சீண்டாமல் கலந்து கிடக்கும் நைட்ரஜனும் ஆக்சிஜனும், 1,500 டிகிரி செல்சியஸைத் தாண்டும் சூட்டில் கூடி நைட்ரிக் ஆக்சைடு ஆகின்றன. புகைக்குழாயை விட்டு வெளியே வந்ததும் அது ஓசோனுடன் சேர்ந்து நைட்ரஜன் டை ஆக்சைடாகிறது. செம்பழுப்பு நிறமும் காரமான நெடியும் கொண்ட வாயு இது. ஆனால், தெருவில் இருக்கும் அளவில் கண்ணுக்கும் தெரியாது, மூக்குக்கும் எட்டாது. அனல்மின் நிலையக் கொதிகலன், ஜெனரேட்டர், சுத்திகரிப்பு ஆலை, வீட்டு காஸ் அடுப்பு என்று கடும் சூட்டில் சுடர் எரியும் இடமெல்லாம் இது பிறக்கிறது. எரிபொருளைச் சுத்தமாக்கினால் மட்டும் இது ஒழியாது. இதன் மூலப்பொருள் காற்றேதான்.

உடலுக்குள் ஒவ்வொரு வாயுவும் ஒவ்வொரு வழியில் போகிறது. சல்பர் டை ஆக்சைடு நீரில் எளிதில் கரையும். மூக்கு, தொண்டையின் ஈரமே அதில் பெரும்பகுதியைப் பிடித்துக்கொள்ளும். கண் எரியும், இருமல் வரும். ஆஸ்துமா உள்ளவர் அதைச் சுவாசித்தபடி ஓடினாலோ மாடி ஏறினாலோ சில நிமிடங்களில் மூச்சுக்குழல் இறுகிவிடும். நைட்ரஜன் டை ஆக்சைடு எளிதில் கரைவதில்லை. அதனால் தொண்டையைத் தொந்தரவு செய்யாமல் தாண்டி, நுரையீரலின் மிகச் சிறிய குழல்கள்வரை இறங்குகிறது. அங்கே உட்சவ்வை வீங்கவைக்கிறது. வைரஸ்களை எதிர்க்கும் திறனைக் குறைக்கிறது. தூசியும் மகரந்தமும் ஒவ்வாதவர்களுக்கு அந்த ஒவ்வாமையைக் கூர்மையாக்குகிறது. எச்சரிக்காமல் வேலை செய்வதுதான் இதன் தனிக்குணம். கார்பன் மோனாக்சைடோ நுரையீரலைப் புண்படுத்தாமல் ரத்தத்தில் கலந்து, ஆக்சிஜனைவிட 200 மடங்குக்கும் மேலான பிடிப்புடன் ஹீமோகுளோபினில் ஒட்டிக்கொள்கிறது.

ஓசோன் எந்தப் புகைக்குழாயிலிருந்தும் வருவதில்லை. வெயில் நைட்ரஜன் டை ஆக்சைடை உடைக்கும்போது பிரியும் ஆக்சிஜன் அணு, காற்றிலுள்ள ஆக்சிஜனுடன் சேர்ந்து ஓசோனாகிறது. போக்குவரத்து மிகுந்த சாலையில் புதிதாக வெளிவரும் நைட்ரிக் ஆக்சைடு இந்த ஓசோனைத் தின்றுவிடும். எனவே, நகரத்தின் புகை காற்றோடு நகர்ந்து சேரும் புறநகரில், பிற்பகல் வெயிலில் அது உச்சத்தைத் தொடுவது வழக்கம். மாசைக் கிளப்பியவர் ஓரிடம், சுவாசிப்பவர் வேறிடம்.

இந்த வாயுக்களின் கணக்கு குழந்தைகளிடம்தான் மிகத் தெளிவாகத் தெரிகிறது. போக்குவரத்துப் புகையிலுள்ள நைட்ரஜன் டை ஆக்சைடால் உலகில் ஆண்டுக்கு சுமார் 40 லட்சம் குழந்தைகளுக்குப் புதிதாக ஆஸ்துமா வருவதாக 2019இல் வெளியான ஆய்வு மதிப்பிட்டது. லண்டனின் லூயிஷம் பகுதியில், சவுத் சர்குலர் சாலைக்கு அருகில் வசித்த எல்லா அடூ-கிஸ்ஸி-டெப்ரா என்ற ஒன்பது வயதுச் சிறுமி, மூன்றாண்டுகளில் ஏறத்தாழ 30 முறை மருத்துவமனையில் சேர்க்கப்பட்டு, 2013 பிப்ரவரியில் இறந்தாள். அவளது மரணத்துக்குக் காற்று மாசும் ஒரு காரணம் என்று 2020 டிசம்பரில் மரண விசாரணை அதிகாரி பிலிப் பார்லோ தீர்ப்பளித்தார். அவள் வாழ்ந்த இடத்தில் நைட்ரஜன் டை ஆக்சைடு சட்ட வரம்பை மீறியிருந்ததையும் அவர் பதிவுசெய்தார். கன மீட்டருக்கு ஆண்டுச் சராசரி 40 மைக்ரோகிராம் என்பதே அந்த வரம்பு.

இதற்கு மறுபக்கமும் உண்டு. தெற்குக் கலிஃபோர்னியாவில் 1990களின் நடுப்பகுதி முதல் அடுத்தடுத்து மூன்று அணிப் பள்ளிப் பிள்ளைகளின் நுரையீரல் அளக்கப்பட்டது. காற்றில் நைட்ரஜன் டை ஆக்சைடும் நுண்துகளும் குறையக் குறைய, 15 வயதில் நுரையீரல் திறன் குன்றியவர்களின் பங்கு 7.9 சதவீதத்திலிருந்து 3.6 சதவீதமாக இறங்கியது. காற்றைச் சரிசெய்தால் பலன் ஒரு தலைமுறைக்குள் கைக்கு வருகிறது.

லண்டனில் மீறப்பட்ட அதே 40தான் இந்தியாவில் இன்றும் ஆண்டு வரம்பு. 24 மணி நேரத்துக்கு 80. இரண்டும் 2009இல் வகுத்தவை. உலக சுகாதார நிறுவனம் 2021இல் இவற்றுக்கு ஈடாகப் பரிந்துரைத்தவை 10, 25. ஏழை நாடு ஒரே தாவலில் பத்துக்கு இறங்க முடியாது என்ற வாதத்தில் நியாயம் இருக்கிறது. ஆனால், அந்த நிறுவனமே 40, 30, 20 என்று படிகளும் கட்டிக் கொடுத்திருக்கிறது. இந்தியா நிற்பது முதல் படியில். ஐரோப்பிய ஒன்றியம் தன் 40ஐ 2030க்குள் 20 ஆக்கச் சட்டம் இயற்றிவிட்டது. அடுத்த படிக்கு ஒரு தேதி குறிப்பதற்குக்கூட இங்கே ஏன் இத்தனை தயக்கம்?

பழைய வரம்பின் விளைவு அன்றாடம் வெளியாகும் காற்றுத் தரக் குறியீட்டிலேயே தெரிகிறது. அதன் அட்டவணைப்படி, நாள் சராசரி 80 மைக்ரோகிராம் நைட்ரஜன் டை ஆக்சைடு உள்ள காற்று ‘திருப்தி’ என்ற வகையில் சேரும். பரிந்துரைத்த அளவைப்போல் மூன்று மடங்குக்கும் மேல் உள்ள காற்றுக்குத் தரப்படும் சான்று இது! தவிர, எட்டு மாசுகளில் எது மோசமோ அதன் எண் மட்டுமே குறியீடாகிறது. பெரும்பாலான நாட்களில் அது துகள்தான் என்பதால், வாயுக்கள் அதன் நிழலில் மறைந்துவிடுகின்றன.

2019இல் தொடங்கிய தேசிய தூய காற்றுத் திட்டத்தின் அடிப்படைக் குறையும் இதுவே. சென்னை, மதுரை, திருச்சி, தூத்துக்குடி உட்பட சுமார் 130 நகரங்கள் அதில் உள்ளன. இலக்கு துகளுக்கு மட்டும்தான். வாயுக்களுக்கு இலக்கு எதுவும் இல்லை. எதை அளந்தால் பணம் வருமோ அந்த வேலைதான் நடக்கும். நிதியில் பெரும்பங்கு சாலைத் தூசியைக் கூட்டவும் தண்ணீர் தெளிக்கவும் போனது. நைட்ரஜன் டை ஆக்சைடும் சல்பர் டை ஆக்சைடும் காற்றிலேயே நைட்ரேட்டாகவும் சல்பேட்டாகவும் மாறி நுண்துகளாகின்றன. வாயுவை விட்டுவிட்டுத் துகளைக் குறைக்கப் பார்ப்பது, குழாயை மூடாமல் தரையைத் துடைப்பதற்குச் சமம்.

அனல்மின் நிலையங்களின் கதை இதைவிட நீளம். சல்பர் டை ஆக்சைடுக்கு 2015 டிசம்பரில் வரம்பு விதித்து, இரண்டாண்டு அவகாசமும் தந்தார்கள். அவகாசம் திரும்பத் திரும்ப நீண்டது. 2025 ஜூலையில், கந்தகம் நீக்கும் கருவி பொருத்துவதிலிருந்து ஏறத்தாழ ஐந்தில் நான்கு பங்கு அலகுகளுக்கு விலக்கே கிடைத்துவிட்டது. இந்திய நிலக்கரியில் கந்தகம் குறைவு, நகரக் காற்றில் இந்த வாயு வரம்புக்குள்தான் இருக்கிறது, கருவிக்கான செலவு மின்கட்டணத்தில் ஏறும் என்பவை அதற்குச் சொன்ன காரணங்கள். செலவு உண்மைதான். ஆனால், உயரமான புகைபோக்கியிலிருந்து கிளம்பும் வாயு, அருகிலுள்ள அளவைக் கருவிக்காகக் காத்திருப்பதில்லை. நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் பயணித்து சல்பேட் துகளாக இறங்குகிறது. பக்கத்தில் அளந்துவிட்டு ‘பாதிப்பில்லை’ என்பது கணக்கில் செய்யும் சாமர்த்தியம். இந்த விலக்கைத் திரும்பப் பெற வேண்டும்.

வாகன விஷயத்தில் அரசு செய்த நல்லதை மறுக்க முடியாது. 2020 ஏப்ரலில் பாரத் ஸ்டேஜ் 4இலிருந்து நேராக 6க்குத் தாவியதில், டீசல் காருக்கான நைட்ரஜன் ஆக்சைடு வரம்பு கிலோமீட்டருக்கு 0.25 கிராமிலிருந்து 0.08ஆக இறங்கியது. ஆனால், வண்டி சாலைக்கு வந்த பிறகு அதைச் சோதிப்பார் இல்லை. பங்க் ஓரத்தில் எடுக்கும் பொல்யூஷன் சர்ட்டிபிகேட்டுக்கு டீசல் வண்டியில் புகையின் கருமையைப் பார்க்கிறார்கள். பெட்ரோல் வண்டியில் கார்பன் மோனாக்சைடையும் ஹைட்ரோகார்பனையும் அளக்கிறார்கள். நைட்ரஜன் ஆக்சைடுக்குச் சோதனையே கிடையாது. லாரியில் அதைக் குறைக்க ஊற்றவேண்டிய யூரியாக் கரைசலை ஊற்றாமல் ஏமாற்றி ஓட்டினாலும் சான்றிதழ் கிடைத்துவிடும். ஆய்வகத்தில் தேறிய ஃபோக்ஸ்வாகன் டீசல் கார்கள் சாலையில் வரம்பைப்போல் 40 மடங்குவரை நைட்ரஜன் ஆக்சைடை உமிழ்ந்தது 2015இல் அம்பலமானது. ஓடும் வண்டியின் புகையைச் சாலையோரத்திலிருந்தே அளக்கும் கருவிகள் இருக்கின்றன. அவற்றைச் சோதனை முறையில் சேர்ப்பதே சரி.

கடைசியாக, நேரக் கணக்கு. எண்ணூரில் 2023 டிசம்பர் 26 நள்ளிரவில் கடலடிக் குழாயிலிருந்து அமோனியா கசிந்து, பலர் மூச்சுத்திணறலுடன் மருத்துவமனைக்கு ஓடினார்கள். இப்படிச் சில மணி நேரத்தில் வந்து போகும் வாயு, நாள் சராசரியில் கரைந்து காணாமல் போய்விடும். நைட்ரஜன் டை ஆக்சைடுக்கு உலக சுகாதார நிறுவனம் ஒரு மணி நேர வரம்பாக 200 மைக்ரோகிராமையும், சல்பர் டை ஆக்சைடுக்குப் பத்து நிமிட வரம்பாக 500ஐயும் வைத்திருக்கிறது. இந்தியத் தரநிலையில் இவ்விரண்டுக்கும் 24 மணி நேரத்துக்குக் குறைந்த வரம்பு இல்லை. தானியங்கி நிலையங்கள் இப்போதே மணிக்கணக்கிலான அளவுகளைப் பதிவுசெய்கின்றன. மணலி, எண்ணூர் போன்ற தொழிற்பகுதிகளுக்காவது குறுகிய நேர வரம்பை முதலில் அறிவித்து, அது மீறப்படும்போது அருகிலுள்ள பள்ளிகளுக்கும் ஆரம்ப சுகாதார நிலையங்களுக்கும் உடனே தகவல் போகச் செய்யலாம். அதற்குப் புதுக்கருவி தேவையில்லை. ஓர் அறிவிக்கை போதும்.