விரைவு என்னும் பெயரும் பித்தளை உறையும்

நாற்காலி என்பது காரணப்பெயர். நான்கு கால்கள் இருப்பதால் வந்த பெயர். ஆயினும் நான்கு கால்களை உடைய மேசையை எவரும் நாற்காலி என்பதில்லை. ஒற்றைத் தண்டின்மீது சுழலும் அலுவலக இருக்கையோ நாற்காலி என்றே வழங்குகிறது. காரணத்தில் பிறந்த பெயர் வழக்கில் இறுகி இடுகுறித் தன்மை அடைவதைத் தமிழ் இலக்கண மரபு நெடுங்காலமாக அறியும். நாற்காலியைப் பொறுத்தவரை இதனால் எவருக்கும் தீங்கில்லை. ஆயுதத்தின் பெயரில் இதே மாற்றம் நிகழும்போது நிலைமை வேறு. பெயர் சொல்லும் பாதிக் காரணத்தை முழுக் காரணமாக நம்பி ஒரு படை இயங்கத் தொடங்கினால், அதன் விலையை மனித உயிர்களே செலுத்த நேரும். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பிரிட்டிஷ் படைகள் பயன்படுத்திய ‘குயிக் ஃபயரிங்’ பீரங்கிகளின் வரலாறு இதற்குத் தெளிவான சான்று.

பெயர் பிறந்த சூழல் எளிமையானது. 1880-களில் டார்பிடோ படகுகள் பெருங்கப்பல்களுக்கு அச்சுறுத்தலாக எழுந்தன. சிறிய, விரைந்து பாயும் படகை மெதுவாகச் சுடும் பெரும்பீரங்கியால் தடுக்க இயலாது. நிமிடத்துக்குப் பன்னிரண்டு குண்டுகளேனும் சுடவல்ல பீரங்கி வேண்டும் என்று பிரிட்டிஷ் கடற்படை 1881-இல் அறிவித்தது. ஹாட்ச்கிஸ், நார்டன்ஃபெல்ட் நிறுவனங்களின் மூன்று பவுண்டு, ஆறு பவுண்டுப் பீரங்கிகள் இவ்வாறே கப்பலேறின. பின்னர் ஆம்ஸ்ட்ராங் நிறுவனம் 4.7 அங்குலப் பீரங்கியை உருவாக்கியது. 1887-இல் நடந்த சோதனையில் அது பத்துக் குண்டுகளை ஒரு நிமிடத்துக்கும் குறைவான நேரத்தில் சுட்டது. அதே எண்ணிக்கையைச் சுட்டு முடிக்கப் பழைய முறையிலான ஐந்து அங்குலப் பீரங்கிக்கு ஐந்து நிமிடங்களுக்கு மேல் தேவைப்பட்டது. ‘விரைந்து சுடுவது’ என்ற பெயர் அன்று மிகையன்று. கண்ணால் கண்ட உண்மை.

அந்த விரைவின் வேர் எங்கே இருந்தது? பெருமளவு, ஒரு பித்தளை உறையில் இருந்தது. பழைய முறையில் வெடிமருந்து துணிப்பையில் அல்லது பட்டுப்பையில் கட்டப்பட்டுப் பீரங்கிக்குள் வைக்கப்படும். வெடிக்கும்போது வாயு பின்புறமாகக் கசியாதபடி பின்வாய்க் கதவிலேயே அடைப்பு ஒன்று இருக்க வேண்டும். பற்றவைக்கத் தனிக் குழல் செருக வேண்டும். முந்தைய பையின் கனன்ற துணுக்கு ஏதேனும் உள்ளே எஞ்சியிருந்தால் அடுத்த பை கையிலேயே பற்றிக்கொள்ளும். ஆகவே ஒவ்வொரு முறையும் உள்ளறையை ஈரத் துடைப்பானால் துடைக்க வேண்டும். வெடிமருந்தைப் பித்தளை உறையில் அடைத்ததும் இவ்வேலைகள் அனைத்தும் ஒருங்கே நீங்கின. வெடிப்பின் அழுத்தத்தில் உறையே விரிந்து வாயுவை அடைத்துக்கொள்ளும். பற்றவைப்பான் உறையின் அடியிலேயே பொருத்தப்பட்டிருக்கும். சுட்டபின் வெற்று உறை வெளியே வந்துவிடும். விரைவு கனி; உறை வேர். பெயரோ கனியை மட்டும் சொன்னது.

பிரிட்டிஷ் ஆவணங்களில் அப்பெயர் விரைவிலேயே தன் காரணத்தை விட்டு விலகியது. பித்தளை உறையில் வெடிமருந்து வைக்கப்பட்டால் அப்பீரங்கி க்யூ.எஃப்.; பையில் வைக்கப்பட்டால் பி.எல். வகைப்பாட்டின் அளவுகோல் கடிகாரம் அன்று, உறை. 1908-இல் பயன்பாட்டுக்கு வந்த 4.5 அங்குல ஹவிட்சரில் குண்டு தனியாகவும் உறை தனியாகவும் ஏற்றப்பட்டன. தொலைவுக்கு ஏற்ப உறையிலிருந்து வெடிமருந்தின் ஒரு பகுதியை எடுத்துவிடும் வேலையும் இருந்தது. ஆயினும் அது க்யூ.எஃப். என்றே பெயர் பெற்றது. மறுபுறம், கடற்படை 1890-களில் பயன்படுத்திய ஆறு அங்குல க்யூ.எஃப். பீரங்கியின் இடத்துக்கு 1901-இல் ஆறு அங்குல பி.எல். ஏழாம் மாதிரி வந்தது. ஒரே அசைவில் திறந்து மூடும் புதிய பின்வாய்க் கதவு வந்துவிட்டதால், பையைப் பயன்படுத்தியும் ஏறத்தாழ அதே விரைவில் சுட முடிந்தது. கனத்த பித்தளை உறைகளின் எடையும் அவை அடைக்கும் இடமும் மிச்சமாயின. இவ்வாறு விரைவு என்ற பெயர் இல்லாத பீரங்கி விரைந்து சுட்டது. காரணப்பெயர் இடுகுறியாகிவிட்டது.

இதில் குற்றம் காண ஒன்றுமில்லை என்று எவரும் வாதிடலாம். கிடங்கு அலுவலருக்கும் பீரங்கி வீரருக்கும் க்யூ.எஃப். என்றால் என்னவென்று தெரியும், குழப்பம் எழாது. சொல்லளவில் அவ்வாதம் சரியே. ஆனால் பெயர் கிடங்குப் பதிவேட்டில் மட்டும் வாழ்வதில்லை. அமைச்சரவையிலும் நாடாளுமன்றத்திலும் செய்தித்தாளிலும் தளபதிகளின் மனத்திலும் அது வாழ்கிறது. அங்கெல்லாம் எஞ்சியது ‘விரைவு’ என்ற ஒற்றைச் சொல்தான். அவ்விரைவு எவற்றின்மேல் நிற்கிறது என்ற கேள்வி பெயருக்குள் இல்லாததால் மனத்திலும் எழவில்லை.

முதலில் தரைப்படை. 1899 டிசம்பர் 15 அன்று கொலென்சோவில் பதினைந்து பவுண்டு பி.எல். பீரங்கிகள் பன்னிரண்டு, போயர் துப்பாக்கிகளின் எட்டும் தொலைவுக்குள் திறந்த வெளியில் நிறுத்தப்பட்டன. அவற்றுள் பத்து பறிபோயின. அங்கே தவறியது முதன்மையாகப் பீரங்கிகளை நிறுத்திய இடமே. எனினும் அப்போர் முழுவதிலும் பிரிட்டிஷ் களப் பீரங்கிகள் காலத்தால் பின்தங்கிவிட்டன என்பது வெளிப்பட்டது. பிரெஞ்சுப் படையிடம் 1897 முதலே 75 மில்லிமீட்டர் பீரங்கி இருந்தது. பின்னுதைப்பை நீரியல் அமைப்பு விழுங்கிக்கொள்வதால் சக்கரங்கள் நின்ற இடத்திலேயே நிற்கும். ஒவ்வொரு முறையும் பீரங்கியைத் தள்ளிவந்து மீண்டும் குறிபார்க்க வேண்டியதில்லை. பிரிட்டன் ஜெர்மனியின் எர்ஹார்ட் வடிவமைப்பில் 108 பீரங்கிகளை மறைவாக வாங்கி இடைக்காலத் தேவையை நிரப்பியது. 1904-இல் தன் சொந்த 13 பவுண்டு, 18 பவுண்டுப் பீரங்கிகளை ஏற்றது. பயிற்சி பெற்ற குழுவினர் 18 பவுண்டுப் பீரங்கியால் நிமிடத்துக்கு இருபது குண்டுகள் வரை சுட முடிந்தது.

நிமிடத்துக்கு இருபது என்ற கணக்கைப் பெருக்கிப் பார்ப்பது எளிது. 1914-இல் ஒரு காலாட்படை டிவிஷனிடம் 18 பவுண்டுப் பீரங்கிகள் 54 இருந்தன. அவை முழு விரைவில் சுட்டால் நிமிடத்துக்கு ஆயிரத்துக்கும் மேற்பட்ட குண்டுகள் தீரும். அவ்விரைவுக்கு ஈடுகொடுக்கும் தொழிற்சாலைகளோ குண்டின் முனையில் பொருத்தும் ஃபியூஸ்களைப் போதுமான அளவில் செய்யும் பட்டறைகளோ பிரிட்டனில் இல்லை. போர் தொடங்கியபோது அப்பீரங்கிக்கு இருந்தது ஷ்ராப்னல் குண்டு மட்டுமே; திறந்த வெளியில் வரும் படையைச் சிதறடிக்க அது ஏற்றது, மண்ணுக்குள் பதுங்கிய படையை அசைக்க ஏலாதது. 1915 மார்ச் 10 அன்று நியூவ் ஷப்பேலில் தாக்குதல் நடந்தது. தாக்கிய படையில் ஏறத்தாழப் பாதி இந்தியப் படைப்பிரிவினர். முப்பத்தைந்து நிமிடக் குண்டுமழைக்குப் பின் முதல் வரிசை வீழ்ந்தது. தொடர்ந்து முன்னேற முடியாமல் போனதற்குக் குண்டுத் தட்டுப்பாடும் ஒரு காரணம். மே மாதம் ஓபேர் மேட்டில் தாக்குதல் தோற்றபின், குண்டுத் தட்டுப்பாட்டைக் குறித்து மே 14 அன்று ‘தி டைம்ஸ்’ இதழில் ரெப்பிங்டன் எழுதிய செய்தி அரசியலைக் குலுக்கியது. கூட்டணி அரசு அமைந்தது. லாயிட் ஜார்ஜ் தலைமையில் போர்த் தளவாட அமைச்சகம் பிறந்தது.

பீரங்கியை வாங்கியவர்கள் விரைவை வாங்கிவிட்டதாகவே எண்ணினார்கள். உண்மையில் அவர்கள் வாங்கியது ஒரு பெரும் பசியை. அப்பசிக்கு உணவிடும் அமைப்பைக் கட்ட மேலும் பல மாதங்கள் ஆயின; அந்த இடைவெளியில் முட்கம்பிகளின் முன் விழுந்தவர்களின் கணக்கு எந்தப் பீரங்கியின் பெயர்ப்பலகையிலும் பொறிக்கப்படவில்லை.

அடுத்து, கடற்படை. இங்கே விரைவின் தரப்புக்கு நியாயம் செய்தாக வேண்டும். பெர்சி ஸ்காட் என்ற கப்பல் தலைவர் 1899-இல் ‘ஸ்கில்லா’ கப்பலின் 4.7 அங்குலப் பீரங்கிகளைக் கொண்டு நூற்றுக்கு எண்பது குண்டுகள் இலக்கைத் தாக்கும் நிலையை எட்டினார். அன்றைய கடற்படையின் பொதுத் தேர்ச்சி அதில் பாதியைக்கூட எட்டவில்லை. அவர் அடைந்தது வெறும் விரைவன்று. கப்பல் ஆடும்போதும் இலக்கை விடாது தொடரும் பயிற்சி, நல்ல தொலைநோக்கிக் குறிகாட்டி, குண்டேற்றும் ஒத்திகை ஆகியவற்றின் விளைவு அது. நிமிடத்துக்கு எத்தனை குண்டு என்பதை விட, நிமிடத்துக்கு எத்தனை தாக்கு என்பதே அவருடைய கேள்வி.

1914-இல் சென்னைக்கு அறிமுகமான ‘எம்டன்’ கப்பலும் இக்கேள்வியின் அருமையைக் காட்டியது. செப்டம்பர் 22 இரவு சென்னைத் துறைமுகத்தின் எண்ணெய்த் தொட்டிகளைத் தீக்கிரையாக்கித் தமிழில் ஒரு சொல்லாகவே தங்கிவிட்ட அக்கப்பலின் 10.5 சென்டிமீட்டர் பீரங்கிகளை ஜெர்மானியர் ‘விரைந்து ஏற்றும் பீரங்கி’ எனப் பொருள்படும் பெயரால் அழைத்தனர். நவம்பர் 9 அன்று கோகோஸ் தீவுகளருகே ‘சிட்னி’ கப்பலோடு மோதியபோது முதலில் சுட்டதும், விரைந்து சுட்டதும், தொடக்கத்தில் சரியாகச் சுட்டதும் எம்டனே. சிட்னியிடம் இருந்தவை விரைவு என்ற பெயர் இல்லாத ஆறு அங்குல பி.எல். பீரங்கிகள். ஏறத்தாழ 45 கிலோ எடையுள்ள அவற்றின் குண்டுகள் எட்டும் தொலைவும் அழிக்கும் வலுவும் போரை முடித்தன. சிட்னியில் நால்வர் மாண்டனர். எம்டனில் 130-க்கும் மேற்பட்டோர்.

ஆனால் பெருங்கப்பல்களின் தளபதிகள் கற்ற பாடம் வேறு. 1915 ஜனவரி 24 அன்று டாகர் பேங்க் சண்டையில் ஜெர்மானிய ‘சேடிலிட்ஸ்’ கப்பலின் பின்புறப் பீரங்கிக் கோபுரங்கள் இரண்டில் தீ பரவி 150-க்கும் மேற்பட்டோர் கருகினர். கிடங்குகளில் நீர் பாய்ச்சப்பட்டதால் கப்பல் தப்பியது. ஜெர்மானியர் அதன்பின் வெடிமருந்தைக் கையாளும் முறையை இறுக்கினர். பிரிட்டிஷ் போர்க் குரூசர்களின் தரப்போ, இன்னும் விரைந்து சுட்டிருக்க வேண்டும் என்ற முடிவுக்கு வந்தது. அக்கப்பல்களின் பெரும்பீரங்கிகள் பி.எல். வகை, அவற்றின் கார்டைட் வெடிமருந்து பட்டுப்பைகளில் இருந்தது. உறை தரும் காப்பு இல்லை. இருந்தும் விரைவுக்காகப் பைகள் முன்கூட்டியே கிடங்கிலிருந்து எடுத்து அடுக்கப்பட்டன; தீச்சுடரைத் தடுக்க வேண்டிய கதவுகள் திறந்தே கிடந்தன.

1916 மே 31 அன்று ஜட்லண்டில் ‘இன்டிஃபாட்டிகபிள்’, ‘குயின் மேரி’, ‘இன்வின்சிபிள்’ ஆகிய மூன்று போர்க் குரூசர்கள் வெடித்துச் சிதறின. சுமார் 3,300 பேர் இறந்தனர். மூன்று கப்பல்களிலும் சேர்த்துப் பிழைத்தவர்கள் முப்பதுக்கும் குறைவு. கவசத் தகடு மெலிந்தது என்ற விளக்கமே நெடுநாள் நிலவியது. வெடிமருந்தைக் கையாண்ட முறையே முதன்மைக் காரணம் என்று பிற்கால ஆய்வாளர் பலர் நிறுவியுள்ளனர். ஜெர்மானியப் பெரும்பீரங்கிகளின் முதன்மை வெடிமருந்து பித்தளை உறைக்குள் இருந்தது. அதன் கலவையும் வெடிப்பதைவிட எரியும் இயல்பு மிகுந்தது. பெயரால் விரைவைக் கொண்டாடிய பிரிட்டிஷ் மரபு எந்த உறையைச் சொல்ல மறந்ததோ, அந்த உறையே அன்று எதிரிக் கப்பல்களைக் காத்தவற்றுள் ஒன்று.

அதே சண்டையில் ‘லயன்’ கப்பல் மூழ்காததற்கும் விரைவு காரணமன்று. தலைமைப் பீரங்கி அலுவலர் அலெக்சாண்டர் கிரான்ட் முன்பே கிடங்குகளில் கட்டுப்பாட்டைக் கொண்டுவந்திருந்தார். தேவைக்கு மேல் பைகளை வெளியே எடுக்கக்கூடாது என்பது அவர் விதி. நடுக்கோபுரம் தாக்கப்பட்டபோது உயிர் பிரியும் நிலையிலும் கிடங்கை மூடி நீர் பாய்ச்ச ஆணையிட்டார் மேஜர் பிரான்சிஸ் ஹார்வே. ஒருவர் விரைவுக்கு வரம்பு கட்டினார். மற்றவர் கதவை மூடினார். ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் பிழைத்தனர்.

பெயர்தான் இத்தனை பேரைக் கொன்றது என்று சொல்வது மிகை. கொன்றவை முடிவுகள். ஆனால் முடிவுகள் சொற்களுக்குள்தான் எடுக்கப்படுகின்றன. எண்ணால் அளக்கத்தக்க ஒரு தன்மையைப் பெயர் தூக்கிப்பிடிக்கும்போது, அளக்கக் கடினமான துணைத் தன்மைகள் கண்ணிலிருந்து மறைகின்றன. இன்று ஆயுதங்களுக்கும், ரயில்களுக்கும், கணினிகளுக்கும் சூட்டப்படும் பெயர்களிலும் விரைவு, அதிவேகம், உடனடி என்ற சொற்களே முன்னிற்கின்றன. அவ்விரைவைத் தாங்கும் தண்டவாளம் எது, கதவு எது, கதவை மூடும் அதிகாரம் யாரிடம் உள்ளது என்பதைப் பெயர் சொல்வதில்லை.

தமிழில் இப்பீரங்கிகளைப் பற்றி எழுதுவோர் ‘விரைவுப் பீரங்கி’ என்று நேராகப் பெயர்த்துவிட்டுக் கடந்துசெல்வது வழக்கம். அப்பெயர்ப்பு பிழையன்று, ஆனால் பழைய மறதியை அப்படியே இன்னொரு மொழிக்குக் கடத்துகிறது. ‘உறைத்தோட்டாப் பீரங்கி’ என்றோ, முதல் இடத்திலேனும் ஒரு வரி விளக்கத்தோடோ எழுதினால் வாசகருக்குக் கனியோடு வேரும் தெரியும். கலைச்சொல்லாக்கம் அகராதிக்கான அலங்கார வேலையன்று. ஒரு பொருள் எதனால் இயங்குகிறது, எது இல்லாவிடில் அது அழிவாகும் என்பதை அடுத்த தலைமுறை மறவாதிருக்கச் செய்யும் வேலை அது.