யோக்கியர் வீட்டுத் திருட்டு

நாமெல்லாம் யோக்கியர்கள். பால்காரருக்குப் பாக்கி வைக்கமாட்டோம். பஸ்ஸில் டிக்கெட் வாங்காமல் இறங்கமாட்டோம். ஆனால் வெள்ளிக்கிழமை வெளியான படம் அன்று சாயந்திரமே நம் வீட்டுக் கூடத்தில் ஓடும். எப்படி என்று கேட்டால், “டெலிகிராமில் வந்தது ஸார்” என்பார்கள். மழை வருகிற மாதிரி தானாக வந்ததாம்!

இதைத் திருட்டு என்று சொன்னால் நண்பர்களுக்குக் கோபம் வருகிறது. “கோடி கோடியாய் வாங்குகிற நடிகனுக்கு இதனால் என்ன குறைந்துவிடும்?” ஒன்றும் குறையாது. அதைத்தான் நானும் சொல்கிறேன். கடன் வாங்கி முதல் படம் எடுத்தவனுக்கும், அதை நம்பி முன்பணம் கட்டிய சின்ன ஊர்க் கொட்டகைக்காரனுக்கும், அடுத்த படம் தொடங்கினால்தான் அடுப்பெரியும் என்றிருக்கிற லைட்மேனுக்கும் குறைகிறது. பெரிய நடிகரின் படத்துக்குக் கொட்டகைக்கே போய்விடுகிறோம். ‘செல்போனில் பார்த்துக்கொள்ளலாம்’ என்று ஒதுக்குவது சின்னப் படத்தைத்தானே?

டிக்கெட் விலை அதிகம் என்பது வாஸ்தவம். இடைவேளையில் சோளப்பொரி விலை கேட்டால் எனக்கே வயிறு எரிகிறது. சண்டை போடுங்கள், நானும் வருகிறேன். ஆனால் பட்டுப்புடவை விலை அதிகம் என்பதற்காக எந்த மாமியும் அதைக் கடையிலிருந்து சுருட்டிக்கொண்டு வருவதில்லையே!

2018-இல் ‘2.0’ வெளியாகுமுன், 12,000-க்கும் மேற்பட்ட இணையதளங்களை முடக்கச் சொல்லிச் சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. படம் வந்த அன்றே திருட்டுப் பிரதியும் வந்துவிட்டது. அந்தத் தைரியம்தான் நமக்கு. 2023-இல் திருத்திய சினிமாட்டோகிராப் சட்டமோ, படத்தைத் திருட்டுத்தனமாகப் பதிவு செய்கிறவனுக்கு 3 மாதம் முதல் 3 வருஷம் வரை சிறை என்கிறது. அபராதம் 3 லட்ச ரூபாயில் தொடங்கித் தயாரிப்புச் செலவில் நூற்றுக்கு 5 வரை போகும்.

“நான் பதிவு செய்யவில்லையே, பார்த்தேன், அவ்வளவுதானே?” என்பீர்கள். டாரண்டில் படத்தை இறக்கும்போதே உங்கள் கம்ப்யூட்டர் அதைத் துண்டு துண்டாக முன்பின் தெரியாதவர்களுக்கு அனுப்பிக்கொண்டும் இருக்கிறது. சித்தப்பா பெரியப்பா குழுவில் படத்தைத் தள்ளிவிடுகிற உங்கள் பிள்ளையும் ஒரு விநியோகஸ்தன்தான், காசு வாங்காத விநியோகஸ்தன். தெரிந்தே பதிப்புரிமையை மீறுகிறவருக்கும் அதற்குத் துணைபோகிறவருக்கும் 1957-ஆம் வருஷத்துச் சட்டம் 3 வருஷம் வரை சிறை வைத்திருக்கிறது.

அந்தத் தளங்களை நடத்துகிறவர்கள் மட்டும் தர்மசத்திரமா கட்டியிருக்கிறார்கள்? படத்துக்கு நடுவே பல்லிளிக்கிற சூதாட்ட விளம்பரங்களில்தான் அவர்கள் பிழைப்பு. பிள்ளை எதை அமுக்கினான் என்று, வங்கிக் கணக்கைப் பார்க்கும்போதுதான் அப்பாவுக்குத் தெரியும்.

என் நாவல் ஒன்றும் இப்போது பி.டி.எஃப். வடிவில் ஊர் சுற்றுகிறது. அதை எனக்கே அனுப்பி, “அவசியம் படியுங்கள் ஸார், பிரமாதம்!” என்று சிபாரிசு செய்தார் ஓர் அன்பர்.