தேராது நீக்குதல் முறையன்று

கோவலன் கையிலிருந்த சிலம்பு யாருடையது என்று பாண்டியன் உசாவவில்லை. பொற்கொல்லன் சொல் ஒன்றே அவனுக்குப் போதியதாயிற்று. தேராது பிறந்த ஆணை கோவலன் உயிரைக் குடித்தது. உண்மை வெளிப்பட்டதும் மன்னன் உயிரையும் குடித்தது. இக் கதையை வழிவழியாகக் கற்பித்துவரும் தமிழ்நாட்டில், மக்கள் வாக்கிட்டு அமர்த்திய ஊராட்சித் தலைவரை நீக்கும் முறை எவ்வாறுள்ளது?

1994ஆம் ஆண்டுத் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டத்தின் 205ஆம் பிரிவு அதனைக் கூறுகிறது. மாவட்ட ஆட்சியரே ஊராட்சிகளின் ஆய்வாளர். அவர் தாமாகவோ, உறுப்பினருள் மூன்றில் இரு பங்கினர் எழுதிக் கொடுத்தாலோ, தலைவரிடம் விளக்கம் கேட்கலாம். விளக்கம் நிறைவளிக்காவிடின், வட்டாட்சியர் ஊராட்சியைக் கூட்டி உறுப்பினர் கருத்தை அறிந்து அனுப்புவார். அதன்பின் நீக்குவதோ விடுவதோ ஆட்சியர் முடிவு. படிகள் பல உள, அவை நல்லனவே. ஆயினும் குற்றஞ்சாட்டும் கையும் தீர்ப்பெழுதும் கையும் ஒன்றாக இருக்கலாம். ஆணையை விலக்கும் உரிமை அரசுக்கு உண்டு. அவ்வரசின் கீழ்ப் பணிபுரிபவரே ஆட்சியர் என்பதை மறத்தலாகாது.

தகுதியிழப்பிலும் இதே ஏற்றத்தாழ்வு. கட்சித் தாவல் நீங்கலாகப் பிற கரணியங்களால் நாடாளுமன்ற உறுப்பினர் தகுதியிழந்தாரா என்னும் வினா எழுந்தால், குடியரசுத் தலைவர் தேர்தல் ஆணையத்தின் கருத்தைப் பெற்று அதன்படியே முடிவு செய்தல் வேண்டும். ஊராட்சி உறுப்பினர்க்கோ அவ் அரண் இல்லை. யார் தீர்ப்பது, எவ்வாறு தீர்ப்பது என்பதை அரசமைப்பின் 243ஊ உறுப்பு மாநிலச் சட்டத்துக்கே விட்டுவிட்டது. தில்லிக்குச் செல்லும் வாக்குக்கு ஒரு மதிப்பு, தெருவிளக்கும் குடிநீரும் வேண்டி இட்ட வாக்குக்கு வேறு மதிப்பா?

மகாராட்டிரத்து உரண் நகராட்சித் தலைவர் நீக்கப்பட்ட வழக்கில், 2012இல் உச்ச முறைமன்றம் அந் நீக்கத்தைத் தள்ளியது. நீக்கம் தனியொருவரை மட்டுமன்றி, அவரைத் தேர்ந்தெடுத்த மக்களையும் தாக்கும் என்றது. 2024இல் அம் மாநிலத்துச் சல்காவ் மாவட்டச் சிற்றூரொன்றின் பெண் தலைவர், அரசு நிலத்து வீட்டில் வாழ்கிறார் என்று கூறப்பட்டு நீக்கப்பட்டிருந்தார். அதே மன்றம் அவரை மீண்டும் அமர்த்தியது. வழக்காட வலிமையற்ற எளியவர் என் செய்வர்?

தாழ்த்தப்பட்டோர்க்கு ஒதுக்கிய பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம் ஊர்களில் அவர்கள் தலைவராய் நிலைத்து அமரப் பத்தாண்டு போராட வேண்டியிருந்தது. 2006இல்தான் வழி பிறந்தது. அத்தகைய ஊர்களில் உறுப்பினர் பெரும்பான்மை என்பது ஆதிக்கச் சாதியின் கைக்கருவியாதல் அரிதன்று. அங்கே முறையான உசாவல் ஒன்றே எளியவர்க்குக் காப்பு.

இவ்வாறு கூறுவது கள்வர்க்குக் குடைபிடிப்பதன்று. ஊர்ப்பணத்தை உண்டவர் ஒருநாளும் நீடிக்கலாகாது. முதற் பராந்தகன் காலத்து உத்தரமேரூர்க் கல்வெட்டு, 919, 921 ஆகிய ஆண்டுகளிலேயே, கணக்குக் காட்டாதவரை வாரியத்துக்கு ஆகாதவர் என்றது. அது பார்ப்பனர் ஊரவை. உழைக்கும் மக்களுக்கு அங்கு இடமில்லை. எனினும், எக்குற்றம் ஒருவரை விலக்கும் என்பதை முன்கூட்டியே கல்லில் வெட்டி, ஊரறிய வைத்த முறை போற்றத்தக்கது. நீக்க விரும்பியபின் கரணியம் தேடுவது அம்முறையன்று.

எனவே, குற்றச்சாட்டு எழுத்தில் தரப்பட வேண்டும். சான்றாவணங்களின் படிகள் அதனுடன் வரவேண்டும். மறுமொழிக்குப் போதிய காலமும், நேரிற் பேச வாய்ப்பும் வேண்டும். கட்சிக்கும் ஆட்சிக்கும் கட்டுப்படாத நடுவர் ஒருவர், குறித்த நாளுக்குள், கரணியம் கூறித் தீர்ப்பளிக்க வேண்டும். மேல்முறையீடு முடியுமுன் இடைத்தேர்தல் நடத்தலாகாது.

வள்ளுவர் செங்கோன்மையை ஆராய்தலில் தொடங்கினார். ஒறுத்தல் அதன் பின்னரே. மக்கள் கொடுத்த பொறுப்பை மீட்க மக்களுக்கே முழுவுரிமை. இடையில் ஒருவர் அதனைப் பறிக்க வேண்டின், ஊரார் கண்முன் கரணியங் காட்டிப் பறிக்கட்டும்!