வழிதவறிய மீன்கள்

சால்மனைப் பற்றி எந்த ஆவணப்படத்தைப் போட்டாலும் ஒரே கதைதான். ஆற்றில் பிறக்கும், கடலுக்குப் போகும், சில வருடம் கழித்துப் பிறந்த ஓடைக்கே திரும்பி வந்து முட்டையிட்டுச் செத்துப்போகும். நடுவில் ஒரு கரடி அருவியில் வாயைத் திறந்துகொண்டு நிற்கும். இதில் பொய் ஒன்றுமில்லை. ஆனால் 2024 அக்டோபரில் அமெரிக்காவின் க்ளமத் ஆற்றில் நடந்தது இந்தக் கதைக்குள் அடங்காது.

ஒரிகனில் பிறந்து கலிஃபோர்னியா வழியாகப் பசிபிக் கடலில் விழும் ஆறு அது. மின்சாரத்துக்காக அதன் குறுக்கே நான்கு அணைகள் எழுந்தன. முதலாவது 1918இல் முடிந்தது. கடைசியான அயர்ன் கேட் 1960களில். பாசனத்துக்கு இவற்றிலிருந்து தண்ணீர் போகவில்லை. அயர்ன் கேட்டில் மீன் ஏறிப்போக வழியும் வைக்கவில்லை. கடலிலிருந்து வந்த சினூக் சால்மன் அந்தச் சுவரோடு நின்றது. (நம் உல்லம் மீனும் கடலிலிருந்து காவிரியில் ஏறி முட்டையிட்டதுதான். மேட்டூர் அணைக்குப் பிறகு அது பழங்கதை.)

2002 செப்டம்பரில் ஆற்றின் கீழ்ப்பகுதியில் தண்ணீர் குறைந்து சூடேறிக் கிடந்தது. முட்டையிட வந்த மீன்கள் மேலே போகாமல் நெருக்கியடித்துக்கொண்டு நின்றன. நெரிசலில் ஒட்டுண்ணியும் பாக்டீரியாவும் பரவின, செவுள்கள் அழுகின. குறைந்தபட்சக் கணக்குப்படியே 34,000 மீன்கள் செத்தன. யூரோக், கருக் பழங்குடியினருக்குச் சால்மன்தான் சாப்பாடு, சால்மன்தான் சடங்கு. அணைகளை இடிக்கச் சொல்லி, அவர்கள் 2004இல் அவற்றின் உரிமையாளரைத் தேடி ஸ்காட்லாந்து வரை போனார்கள். அணைகளை வைத்திருந்த நிறுவனம் வாரன் பஃபெட் கைக்கு மாறியதும், ஒமாஹாவில் அவருடைய பங்குதாரர் கூட்டம் நடக்கும் இடத்துக்கே போய் நின்றார்கள்.

அதனால் முதலாளிகளின் மனம் இளகியதா என்றால், எனக்கு அப்படித் தோன்றவில்லை. அணைகளின் உரிமம் 2006இல் காலாவதியானது. புதுப்பிக்க வேண்டுமானால் மீன் ஏறிப்போக வழி கட்டித் தர வேண்டும் என்றது அரசு. கட்டுவதைவிட இடிப்பது மலிவு என்று கணக்கு சொன்னது. சுமார் 45 கோடி டாலர் செலவை மின்நுகர்வோரும் கலிஃபோர்னியாவின் கடன்பத்திர நிதியும் பகிர்ந்துகொண்டன. பழங்குடியினர் இருபது வருடம் விடாமல் நச்சரித்திருக்காவிட்டால், அந்தக் கணக்கை யாரும் போட்டுப் பார்த்திருக்கவே மாட்டார்கள்.

இடிப்பும் சுத்தபத்தமாக நடக்கவில்லை. 2024 பிப்ரவரியில் பண்ணையிலிருந்து சுமார் 8.3 லட்சம் சால்மன் குஞ்சுகளை ஆற்றில் விட்டார்கள். அயர்ன் கேட் அணைக்கு அடியிலிருந்த சுரங்கக் குழாயைக் கடக்கும்போது அழுத்தம் மாறி, இரத்தத்தில் காற்றுக்குமிழ் ஏறி, பெரும்பாலானவை செத்தன. ஆகஸ்ட் கடைசியில்தான் ஆறு பழைய தடத்தில் ஓடியது. அக்டோபர் 16ஆம் தேதி, நான்கு அணைகளுக்கும் மேலே, ஒரிகனின் ஸ்பென்சர் ஓடையில் சினூக் சால்மன் தென்பட்டது. க்ளமத்தின் ஒரிகன் பகுதிக்குக் கடலிலிருந்து மீன் வந்தது 1912க்குப் பிறகு அதுவே முதல் முறை.

மூதாதையர் வீட்டை மீன்கள் மறக்கவில்லை என்று அப்போது பலர் உருகினார்கள். எனக்கு அது ஒப்பவில்லை. சால்மன் தன் ஓடையை மோப்பத்தால் கண்டுபிடிக்கிறது. குஞ்சாக இருக்கையில் அந்தத் தண்ணீரின் வாசனை அதற்குள் பதிந்துவிடுகிறது என்று ஆர்தர் ஹாஸ்லர் சோதனை செய்து காட்டினார். அணைக்கு மேலே பிறந்த ஒரு மீன்கூட உயிரோடு இல்லாதபோது, எந்த வாசனையைத் தேடிப் போயிருக்கும்? ஒவ்வொரு தலைமுறையிலும் கொஞ்சம் மீன்கள் சொந்த ஓடையைவிட்டு வேறெங்கோ போய்விடும். பனியாறு உருகிப் புது ஓடை பிறந்தாலும், அடைத்த ஆறு திறந்தாலும், முதலில் உள்ளே நுழைவது அந்த ஊர்சுற்றிகள்தான். ஆவணப்படம் எடுப்பவர்கள் இவற்றைக் கண்டுகொள்வதே இல்லை.

வந்த மீனுக்கு வேலை ஒன்றுதான் பாக்கி. ஆற்றுக்குள் நுழைந்ததிலிருந்து அது இரை எடுப்பதில்லை. பெண்மீன் ஒருக்களித்துப் படுத்து, வாலால் கூழாங்கல்லை அடித்து அடித்துக் குழி பறிக்கும். வால் ஓரம் தேய்ந்து வெளுத்துவிடும். தாடை கொக்கியாய் வளைந்த ஆண் பக்கத்தில் வந்து சேரும். செம்மஞ்சள் முட்டைகள் குழியில் விழுந்ததும், பெண்மீன் சற்று மேலே போய் மறுபடி பறிக்கும். பெயர்ந்த கற்கள் நீரோட்டத்தோடு வந்து குழியை மூடும். கல்லிடுக்கில் தண்ணீர் ஓடினால்தான் முட்டைக்கு மூச்சு. வண்டல் அடைத்தால் போயிற்று.

மீன் குறைந்துபோனதால், கலிஃபோர்னியாவில் 2023 முதல் தொடர்ந்து மூன்று ஆண்டுகள் கடலில் வணிகச் சால்மன் பிடிப்புக்குத் தடை இருந்தது. ஆகவே கொண்டாட்டத்துக்கு அவசரமில்லை. க்ளமத்தில் மேலே இன்னும் இரண்டு அணைகள் நிற்கின்றன, மீன் ஏணியோடு. 2025இல் அந்த ஏணிகளிலும் ஏறி, மேல் க்ளமத் ஏரியைத் தாண்டிப் போயின மீன்கள். கோடையில் பாசி மண்டிச் சூடேறும் ஏரி அது. அதற்கு மேலே பொரிக்கும் குஞ்சுகள் கோடைக்குள் கடலை நோக்கிக் கிளம்பியாக வேண்டும்.