அன்பர் பேணிய ஒலிச்செல்வம்

இசையைக் கேட்டு மகிழ்வோர் பலர்; அதனைப் பின்வருவோர்க்கெனப் பேணுவோர் மிகச் சிலரே. அச்சிலரது முயற்சியை வீண் பொழுதுபோக்கென்று எள்ளுவாரும் உளர். யாம் அங்ஙனம் கருதுகின்றிலோம்.

அமெரிக்கத் தலைநகராகிய வாஷிங்டனில் 1987-ஆம் ஆண்டு தோன்றிய ஃபுகாசி என்னும் குழுவினரை நோக்குமின். விரைவும் சினமும் மிக்க பங்க் ராக் இசைக்கு உரியோர் இவர். 2002-ஆம் ஆண்டு வரை ஆயிரம் அளவிலான அரங்குகளில் பாடினர். நுழைவுக் கட்டணம் ஐந்து டாலர் அளவைக் கடவாதிருக்கப் பெரிதும் முயன்றனர். அவ்வரங்குகளுள் எண்ணூற்றுக்கு மேற்பட்டவை ஒலிநாடா முதலியவற்றிற் பதிவு செய்யப்பெற்றன. 2011-ஆம் ஆண்டு முதல் அக்குழுவினரே அவற்றை ஒவ்வொன்றாக வெளியிட்டு வந்தனர். அன்பர்களும் தம்மிடமிருந்த நிழற்படங்களையும் துண்டு விளம்பரங்களையும் உவந்தளித்தனர். அன்பர் பலர் அரங்குகளில் எடுத்த படச்சுருள்களைத் தொகுத்து 2023-ஆம் ஆண்டு ஒரு திரைப்படமும் ஆக்கப்பெற்றது.

"சிறந்தவற்றை மட்டும் வைத்துக்கொண்டு ஏனையவற்றைக் களைந்தால் என்னை?" என்று சிலர் வினவக்கூடும். தந்தி அறுந்த ஓசையும், தவறிய சுருதியும், ஒருவரையொருவர் மோதித் துன்புறுத்துவோரைப் பாடகர் பாட்டை நிறுத்திக் கடிந்துரைக்கும் சொற்களும் எற்றுக்கு என்பர். அவையே வேண்டும் என்போம் யாம். விலைக்கு வரும் இசைத்தட்டு, குழுவினர் காட்ட விரும்பிய முகத்தைக் காட்டும். அரங்கப் பதிவோ அவர் வாழ்ந்த வாழ்வைக் காட்டும். வலியோர் மெலியோரை நெருக்குதல் கூடாதென்று அவர் கொண்ட கொள்கை, பாட்டிடையே எழுந்த அக்கடிந்துரையிலன்றோ மெய்யாயிற்று!

எனினும், அன்பர்க்கு ஒரு சொல். ஒலிநாடாவின் காந்தப்பூச்சு காலத்தால் அழியும். அதனை ஒலிக்கச் செய்யும் பொறிகளும் அருகி வருகின்றன. சேர்த்தவர் மறைந்தபின், பொருளறியா உறவினர் பெட்டியோடு குப்பையில் எறிதலும் கூடும். ஆதலின் பூட்டி வைத்தல் பேணுதல் ஆகாது. நாள், இடம், பதிந்தவர் பெயர் ஆகியவற்றைக் குறித்து, பாடினோரின் இசைவு பெற்று, ஒரு படியைப் பொது நூலகத்திற்கு அளித்தல் கடன். வாஷிங்டன் நகரப் பொது நூலகம் அந்நகரின் பங்க் இசைக்கெனவே 2014-ஆம் ஆண்டு ஓர் ஆவணத் தொகுதியைத் தொடங்கிற்று. பித்தரின் இரைச்சலென்று ஒருகாற் பழிக்கப்பட்ட இசை, அந்நகர வரலாற்றின் ஒரு பகுதியாக இடம் பெற்றது.

பொருளாற் காக்கப்படுவது, பொருள் வற்றிய அன்றே கைவிடப்படும். அன்பாற் காக்கப்படுவதோ, அவ்வன்பு பலர்க்கும் பகிரப்படுமாயின், நெடிது நிற்கும். காப்பவர் அதற்கு உடையவர் அல்லர். அடுத்த தலைமுறையின் கையில் ஒப்புவிக்கக் கடமைப்பட்டவரே ஆவர் என்பது எம் துணிபு.