கைவிட்டது யார்?

ஒரு விவசாயி தலையைக் கொடுத்ததால் ஹிட்லரின் போர் நின்றுவிட்டதா, மனைவியையும் மூன்று பெண் பிள்ளைகளையும் தவிக்கவிட்டதுதானே மிச்சம் என்று ஆஸ்திரியாவின் பிரான்ஸ் யேகர்ஷ்டெட்டரைக் குறைசொல்பவர்கள் உண்டு.

போர் நிற்கவில்லைதான். ஆனால் அவரிடம் கேட்கப்பட்டது ஹிட்லரின் படையில் சேர்ந்து போரிட வேண்டும் என்பது. கிறிஸ்துவை நம்புகிறவன் அநியாயப் போரில் எப்படிக் கொல்வான்? லின்ஸ் ஆயரே குடும்பத்தை நினைக்கச் சொல்லியும் அவர் மசியவில்லை. காயம்பட்டோருக்கு மருத்துவப் பணி செய்கிறேன் என்றார், மறுத்துவிட்டார்கள். 1943 ஆகஸ்ட் 9 அன்று, 36 வயதில், பிராண்டன்பர்கில் தலை வெட்டப்பட்டது.

குடும்பத்தைக் கைவிட்டாராம்! மனைவி பிரான்சிஸ்கா கடைசிவரை அவர் முடிவின் பக்கம் நின்றார். ஊரார் அந்தப் பெண்ணைப் பழித்தார்கள். போர் முடிந்த பிறகும் 1950 வரை அரசு அவருக்கு விதவை ஓய்வூதியம் தரவில்லை.