முட்டும் தூணும்

'முட்டுக்கொடுத்தல்' என்னும் சொல் இந்நாளில் வசையாகிவிட்டது. தவறென்று தெரிந்தே ஒருவரைத் தாங்கிப் பேசுவோரை, "முட்டுக்கொடுக்கிறார்" என்று ஏளனம் செய்கின்றனர். நல்லதொரு தொழிற்சொல்லை இவ்வாறு இழிவுபடுத்துவது தகுமா? தகாது என்பதே நம் வாதம்.

முட்டு என்பது யாது? தானே நிற்க வலுவில்லாத ஒன்று வலுப்பெறும் வரை, அதன் பாரத்தை ஏற்றுத் தரையிற் சேர்க்கும் தாங்கல். 'முட்டுப்பாடு' என்றால் பற்றாக்குறை. குறைக்கும் அக்குறையைத் தாங்குவதற்கும் ஒரே சொல் அமைந்திருப்பது சிந்திக்கத் தக்கது.

காயல்பட்டினத்திலும் கீழக்கரையிலும் மரக்கலத்தால் வாழ்ந்த நம் முன்னோர் இதனை நன்கறிவர். கரையில் கட்டப்படும் கலம் இருபுறமும் முட்டுகளால் நிமிர்ந்து நிற்கும். நீரில் இறங்கும் நாளில் அவை விலக்கப்படும். கலத்தினுள் மேல்தளத்தைத் தாங்கும் தூணோ, கலம் உள்ளளவும் அகலாது. முன்னது தவணைக்கு, பின்னது ஆயுளுக்கு.

"சொல்லில் என்ன இருக்கிறது?" என்பீர்கள். சொல்லை இகழ்ந்தவர் வேலையையும் இகழ்வர். அம்பத்தூரிலும் ஆவடியிலும் பூவிருந்தவல்லியிலும் வீடு கட்டுவோருள், தளம் போட்ட சில நாளிலேயே சென்ட்ரிங்கைப் பிரிக்கச் சொல்வோர் உளர். பலகைக்கு வாடகை ஏறுகிறதாம்! ஐ.எஸ். 456 என்னும் இந்தியத் தர விதி (2000) கூறுவதென்ன? தாங்கல்களுக்கிடையே நாலரை மீட்டர் வரை நீளும் தளத்திற்கு 7 நாளும், மேற்பட்டால் 14 நாளும் முட்டு நிற்க வேண்டும். உத்திரத்திற்கு 6 மீட்டர் வரை 14 நாள். மேற்பட்டால் 21 நாள். இதுவும் சாதாரண போர்ட்லண்ட் சிமெண்டுக்கே. சாம்பல் கலந்த சிமெண்ட் மெதுவாக வலுப்பெறும். ஆதலின் தவணை நீளும்.

போரூரை அடுத்த மௌலிவாக்கத்தை மறந்தோமா? 2014 ஜூன் 28 அன்று, கட்டிக்கொண்டிருந்த 11 மாடிக் கட்டடம் சரிந்து 61 பேர் மாண்டனர். பிழைப்பு நாடி வந்த தொழிலாளரே அவர்களுட் பலர். இணைக் கட்டடம் 2016 நவம்பர் 2 அன்று வெடிவைத்துத் தகர்க்கப்பட்டது. முட்டைப் பிரித்ததால் அது விழுந்ததென்று நாம் கூறவில்லை. தாங்குவதன் குறைக்கு உயிரை விலையாகக் கொடுப்பவர் யாரென்று காட்டவே கூறினோம்.

அரபியில் 'ஸனது' என்றால் சாய்ந்துகொள்ளும் தாங்கல். ஹதீஸை அறிவித்தோரின் தொடருக்கும் அதுவே பெயர். அது அறுந்தால் செய்தி வலுவிழக்கும். அதே வேரிற் பிறந்த சொல்லால்தான் திருமறையின் 63ஆம் அத்தியாயம் நயவஞ்சகரைச் சாத்திவைத்த மரங்களுக்கு ஒப்பிடுகிறது. சுவரிற் சாத்திய மரம் எதையும் தாங்குவதில்லை. சுவரே அதனைத் தாங்குகிறது. பொய்க்குத் துணைபோவோர்க்கு ஏற்ற பெயர் இதுவன்றோ?

ஆதலின் அவர்களைச் 'சாத்திய மரம்' என்று சொல்லுங்கள். முட்டு என்னும் பெயரை, பிறர் நிமிரும் வரை சுமந்து, நிமிர்ந்தபின் விலகிக்கொள்ளும் நல்லோர்க்கு விட்டுவையுங்கள். வீடு கட்டுவோரே, கொத்தனார் கேட்கும் நாள்களைக் குறைக்காதீர்!